பிரேசில்காரனாகப் போய் மாப்பிள்ளை பார்த்தது

போர்ட்டோ,
மார்ச் மாதம், மழை விடாத ஒரு செவ்வாய்க்கிழமை.

பேரன்புக்கும் பெருமதிப்புக்கும் உரிய என் மூத்த சகோதரி எர்மெலிந்தா அவர்களின் சமூகத்துக்கு, தம்பி அதெலினு பணிவோடு எழுதிக்கொள்வது. பாத்திமா மாதாவின் கருணையால் இங்கே நானும் தங்கள் மருமகள் பிலிப்பாவும் சௌக்கியம். என் இடது கணுக்கால் மட்டும் சௌக்கியமில்லை. காரணம் பின்னால் வருகிறது. அங்கே லக்சம்பர்க்கில் தாங்களும் மச்சானும் மச்சானின் ரத்த அழுத்தமும் அவரவர் இடத்தில் அமைதியாக இருக்க வேண்டுமென்று ஞாயிறுதோறும் மெழுகுவர்த்தி ஏற்றுகிறேன். இதையெல்லாம் தொலைபேசியிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் நான் ஹலோ சொன்ன பிறகு தாங்கள் என்னை இன்னொரு வார்த்தை பேசவிட்டதாக ஞாபகமில்லை. அதனால்தான் கடிதம்.

விஷயம், தாங்கள் இட்ட கட்டளை பற்றியது. பிலிப்பா ஒரு பையனை விரும்புகிறாள், பெயர் துவார்த்தே, வெளியூர்க்காரர்களைக் கூட்டிக்கொண்டு நடந்தே ஊரைச் சுற்றிக் காட்டுகிற வேலை என்று போன மாதம் நான் சொன்னதும் தாங்கள் (சரி, நீ என்றே எழுதுகிறேன், கை அதற்குத்தான் பழகியிருக்கிறது) என்ன சொன்னாய்? “உன் எதிர்ல எவனும் நல்லவனாத்தான் இருப்பான். நீ யாருன்னு தெரியாதப்ப எப்படி நடந்துக்கறான்னு போய்ப் பாரு” என்றாய். கூடவே, உன் தெருமுனை பேக்கரிக்காரரின் மகனுக்கு இன்னும் கல்யாணம் ஆகவில்லை என்பதையும் சொல்லிவைத்தாய். அந்தப் பையனுக்குக் காது பெரிது என்று நான் மறுத்தது உனக்கு நினைவிருக்கும். காது எனக்கு ஒரு பொருட்டே இல்லை அக்கா. பிலிப்பாவும் லக்சம்பர்க் வந்துவிட்டால், என் மனைவி செலெஸ்தி கண்மூடிய பிறகு இந்த வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் நானும் ரேடியோவும் மட்டும்தான் மிச்சம். அதை வாயால் சொல்ல வராமல் காதைப் பிடித்துக்கொண்டேன்.

ஆக, நேற்றுக் காலை அவன் கூட்டிப்போகிற நடைச் சுற்றில் நானும் ஒருவனாகச் சேர்ந்துவிடுவது என்று முடிவு செய்தேன். அவன் போர்த்துகீசிய மொழியில் சுற்றிக் காட்டுவதால் வருகிறவர்கள் எல்லாம் பிரேசில்காரர்கள். எனவே நானும் பிரேசில்காரனாக வேண்டியதாயிற்று. பூப்போட்ட சட்டை ஒன்று, வைக்கோல் தொப்பி ஒன்று, பிலிப்பாவின் கறுப்புக் கண்ணாடி, காலில் கடற்கரைச் செருப்பு. வாழ்நாள் முழுவதும் செருப்புக்கடையில் நின்று, நம் ஊர்க் கருங்கல் தெருவுக்கு எந்த அடித்தோல் வழுக்காது என்று ஊருக்கெல்லாம் உபதேசம் செய்த நான், தூறலில் ரப்பர் செருப்போடு இறங்கினேன் என்றால் மகள் பாசம் மனிதனை என்ன பாடு படுத்துகிறது பார். யாருக்கும் அடையாளம் தெரியாது என்ற நம்பிக்கையில் படியிறங்கினேன். கீழ்வீட்டு ஒலிம்பியா தரையைத் துடைத்துக்கொண்டே, நிமிர்ந்துகூடப் பார்க்காமல், வணக்கம் அதெலினு ஐயா, மாறுவேடத் திருவிழா போன மாசமே முடிஞ்சுபோச்சே என்றாள்.

சான் பெந்து ரயில் நிலைய வாசலில் மஞ்சள் குடையோடு நின்றான் பையன். நல்ல உயரம், ஷூ பழையதுதான், ஆனால் இரண்டு குதிகாலும் ஒரே மாதிரி தேய்ந்திருந்தன. ஒரு பக்கம் சாய்ந்து நடக்காத ஆள் என்று மனதில் ஒரு மதிப்பெண் போட்டேன். அவனோ கூட்டத்தில் ஒவ்வொருவரிடமும் எந்த ஊர் என்று கேட்க ஆரம்பித்துவிட்டான். இதற்கு நான் தயாராக வரவில்லை. பயத்தில், தினமும் சாயங்காலம் பார்க்கிற பிரேசில் தொடரில் வருகிற ஊரின் பெயரை, அந்தத் தொடரில் பேசுகிற மாதிரியே வார்த்தைக்கு வார்த்தை வாலை இழுத்துச் சொல்லிவிட்டேன். பக்கத்தில் நெய்தி என்று ஒரு பிரேசில் அம்மாள், பருத்த கணவரோடு வந்திருந்தவள், என்னை மேலும் கீழும் பார்த்தாள். “அது நாடகத்துல மட்டும் இருக்கற ஊருங்க. கடைசி வாரத்துல மொத்தமா எரிச்சுட்டாங்களே” என்றாள். அதனாலதாம்மா இங்க வந்துட்டேன் என்றேன். வேறு என்ன சொல்ல முடியும்? அவள் சிலுவை போட்டுக்கொண்டு, கைப்பையிலிருந்து ஒரு மிட்டாய் எடுத்துக் கொடுத்தாள். போகிற வழியெல்லாம் என்னை வீடு வாசல் இழந்தவனாகவே நடத்தினாள்.

அக்கா, பையன் பொய் சொல்கிறான். கொஞ்சநஞ்சம் அல்ல. ரயில் நிலையத்தில் ஒழுங்காகத்தான் பேசினான், பூக்கடைத் தெருவிலும் பாதி உண்மை இருந்தது. ஆற்றங்கரைக்கு இறங்குகிற சந்தில் நம் முடிதிருத்தும் அர்மாந்துவின் வீட்டுப் பால்கனி ஒரு பக்கம் உடைந்து தொங்குகிறதே, அதைக் காட்டி, கடலுக்குப் போன மாப்பிள்ளைக்காக ஒரு மணப்பெண் ஆயுள் முழுக்க அதில் சாய்ந்து நின்றாள், அதனால் கம்பி வளைந்துவிட்டது என்றான். கால்பந்து ஆட்டம் தெரியவில்லை என்று டிவி ஆண்டெனாவைத் திருகப்போய் அர்மாந்து அந்தப் பால்கனிக் கம்பிமேல் விழுந்தது ஊருக்கே தெரியும். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனவர்களில் நானும் ஒருவன். நெய்தி அம்மாள் அந்த மணப்பெண்ணுக்காகக் கண்ணைத் துடைத்துக்கொள்கிற அதே நேரம் பால்கனிக் கதவைத் திறந்துகொண்டு அந்த மணப்பெண்ணே, அதாவது அர்மாந்துவே, உள்பனியனோடு வெளியே வந்து என்னைப் பார்த்துவிட்டான். அதெலினு, என்னடா இது கோலம் என்று தெருவே அதிரக் கத்தினான். நான் தொப்பியை மூக்கு வரை இழுத்துக்கொண்டு மாதாவை வேண்டினேன். கூட்டம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. துவார்த்தே கண்ணைக்கூட இமைக்கவில்லை. “எங்க ஊர்ல விருந்தாளிங்களை அப்படித்தாங்க கூப்பிடுவோம். அதெலினுன்னா மரியாதையான வார்த்தை” என்றான். அதற்கப்புறம் அந்தப் பிரேசில்காரர்கள் ஒருவரையொருவர் அதெலினு என்று அழைத்துக்கொண்டதும், மீன்காரியைப் பார்த்து நமஸ்காரம் அதெலினு என்றதும், அவள் என்னைத் தேடி எட்டிப் பார்த்ததும் தனிக் கதை.

இந்த இடத்தில் நான் முடிவே செய்துவிட்டேன். வாயைத் திறந்தால் புளுகுகிறவனுக்குப் பெண் கொடுக்கக்கூடாது. இன்று முகம் தெரியாதவர்களிடம் மணப்பெண் கதை விடுகிறவன் நாளைக்கு என் மகளிடம் எங்கே போயிருந்தேன் என்று என்ன கதை விடுவானோ. பாதியில் கழன்றுவிடலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் அதற்குள் ஆற்றங்கரை வந்து, அங்கிருந்து பேராலயத்துக்கு ஏறுகிற பார்ரெதுப் படிக்கட்டு தொடங்கிவிட்டது. அது உனக்குத் தெரியாததா? சின்ன வயதில் நாம் ஓடி ஏறியது. இப்போது யாரோ நடுவில் நிறையப் படிகளைச் செருகிவைத்திருக்கிறார்கள்.

முதல் வளைவிலேயே நின்றான். பூட்டிய ஒரு கதவைக் காட்டி, இதற்குள் ஒரு பிஷப் அரசருக்குத் தெரியாமல் பாலாடைக்கட்டியை ஒளித்துவைத்தார் என்று தொடங்கினான். அது நகரசபைக்காரர்கள் துடைப்பம் வைக்கிற அறை. எனக்கு மூச்சு வாங்கியது, இல்லாவிட்டால் அங்கேயே கேட்டிருப்பேன். அடுத்த வளைவில் சுவரிலிருந்த ஒரு கறையைக் காட்டி மறுபடி பிஷப். மூன்றாவது வளைவில்தான் ஒன்றைக் கவனித்தேன். கதை சொல்கிறவன் சுவரைப் பார்க்கவில்லை. எங்கள் எல்லோருக்கும் பின்னால், வாயைத் திறந்து மூச்சுவிட்டுக்கொண்டு கம்பியைப் பிடித்து ஏறிவந்த நெய்தியின் கணவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவர் வந்து சேர்ந்தார், படியில் உட்கார்ந்தார், முகம் துடைத்தார். அதுவரை பிஷப் பாலாடைக்கட்டியை இந்த அறைக்கும் அந்த அறைக்கும் மாற்றிக்கொண்டே இருந்தார். நெய்தியின் கணவர் வாயை மூடி மூக்கால் மூச்சுவிட ஆரம்பித்ததும் பிஷப் பொசுக்கென்று செத்துப்போனார். கூட்டம் நகர்ந்தது.

எனக்குச் சந்தேகம் தீரவில்லை. அடுத்த வளைவில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வேண்டுமென்றே இளைத்துக் காட்டினேன். செத்த பிஷப்புக்கு ஒரு தங்கை முளைத்தாள். நான் இன்னும் இளைத்தேன்; தங்கைக்குக் கல்யாணம் ஆனது, இரட்டைப் பிள்ளைகள் பிறந்தன. நிமிர்ந்து உட்கார்ந்தேன், குடும்பமே அமெரிக்காவுக்குக் கப்பலேறிவிட்டது. அக்கா, இவன் புளுகன்தான். ஆனால் எங்கெங்கே ஒருவருக்கு முடியவில்லையோ அங்கங்கேதான் புளுகுகிறான். உங்களால் ஏற முடியவில்லை, கொஞ்சம் உட்காருங்கள் என்று ஒரு ஆம்பளையிடம் அவன் பெண்டாட்டி எதிரில் சொல்ல வேண்டியிருக்கவில்லை பார். வீட்டு மாடிப்படியில் நான் மூச்சுவாங்கினால் பிலிப்பா, டாக்டரிடம் போகலாமா என்பாள். அந்த ஒரு கேள்வியில் எனக்குப் பத்து வயது கூடிவிடும்.

இந்த யோசனையில் இருந்தபோதுதான் ரப்பர் செருப்பு தன் குணத்தைக் காட்டியது. நான் கீழே போய்ச் சேராமல் இருந்ததற்கு அவன் என் பூச்சட்டையைப் பின்னாலிருந்து பிடித்ததுதான் காரணம். சட்டை கிழிந்தது, கணுக்கால் பிசகியது. அவன் மஞ்சள் குடையை மடக்கி என் கையில் கொடுத்து, ஊன்றிக்கொண்டு வரச் சொன்னான். மிச்ச வழி முழுவதும் தூறலில் நனைந்துகொண்டே பின்னோக்கி நடந்து பேசினான்.

சுற்று முடிந்ததும் பேராலயத்துக்குப் பின்னால் ஒரு சின்னச் சாப்பாட்டுக்கடைக்குக் கூட்டிப்போனான். குடலும் பீன்ஸும் சேர்த்துச் சமைக்கிற நம் ஊர்ச் சாப்பாடு வந்தது. பிரேசில்காரர்கள் முள்கரண்டியால் அதைத் தள்ளித் தள்ளிப் பார்த்தார்கள். நான் ஒரு தட்டை வழித்துவிட்டு, வந்த வேலையை மறந்து, நம் ஊர்ப் பேச்சிலேயே இன்னொரு தட்டு கேட்டுவிட்டேன். பையன் எதிரில் வந்து உட்கார்ந்தான். கல்யாணம் ஆகிவிட்டதா தம்பி என்று கேட்டேன். ஒரு பெண் இருக்கிறாள், அவளுடைய அப்பாவைப் பார்க்கத்தான் பயமாக இருக்கிறது என்றான். என்ன பயம் என்றேன்.

“செருப்புக்கடையில இருந்தவருங்க. யார் வந்தாலும் முகத்தைப் பார்க்கமாட்டாராம், காலைத்தான் பார்ப்பாராம்.”

நான் அப்போது எதைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. சட்டென்று நிமிர்ந்து அவன் முகத்தைப் பார்த்தேன். நல்ல முகம் அக்கா, தலையிலிருந்து இன்னும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அந்த மனுஷன் அப்படியொன்றும் மோசமாக இருக்கமாட்டார், ஞாயிற்றுக்கிழமை தைரியமாகப் போய்ப் பேசு என்றேன். கடைசியாக ஒன்று கேட்டேன். இந்த ஊரை விட்டுவிட்டு உன்னால் வேறெங்காவது இருக்க முடியுமா என்று. அவன் ஜன்னல் வழியாக ஆற்றைப் பார்த்தான். “கஷ்டம்தாங்க” என்றான். எனக்கு அது போதும்.

ஆகவே அக்கா, தம்பியின் தீர்ப்பு இது. பையன் தங்கம். பேக்கரிக்காரரிடம் மரியாதையாகச் சொல்லிவிடு. பொறியாளன் நாளைக்கே பெட்டியைத் தூக்குவான், டாக்டர் தூக்குவான். இவனுடைய பிழைப்போ இந்தப் படிக்கட்டும் பேராலயமும் ஆறும். இவற்றைப் பெட்டியில் கட்டி எங்கேயும் கொண்டுபோக முடியாது. பிலிப்பா இரண்டு தெரு தள்ளி இருப்பாள், ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்கு வருவாள், நானும் ரேடியோவை அணைத்துவைப்பேன். இப்படி ஒரு நல்ல முடிவுக்கு வரக் காரணமான உன் கட்டளைக்கு நன்றி. மச்சானுக்கு என் அன்பைச் சொல், உப்பைக் குறைக்கச் சொல். மாதா உங்கள் வீட்டு அடுப்பையும் மெத்தையையும் சூடாக வைத்திருக்கட்டும்.

தங்கள் கீழ்ப்படிந்த தம்பி,
அதெலினு

பின்குறிப்பு: உறையை ஒட்டிய பிறகு பிரித்து எழுதுகிறேன். பிலிப்பா இப்போதுதான் வந்தாள். என் சம்மதத்தைச் சொன்னேன். கட்டிக்கொண்டு அழுதாள். அழுது முடித்து, கல்யாணம் செப்டம்பரில், அதற்கு முன்பே துவார்த்தே லக்சம்பர்க்கில் வேலைக்குச் சேர்கிறான், அங்கே வருகிற நம் ஆட்களுக்கு ஊர் சுற்றிக் காட்டுகிற கம்பெனி, ஒப்பந்தம் எழுதிக்கொடுத்தாகிவிட்டது என்றாள். லக்சம்பர்க்கைப் பற்றி ஒன்றுமே தெரியாதவன் அங்கே என்னத்தைச் சொல்வான் என்று கேட்டேன். அதுதான் அவனுக்குக் கவலையே இல்லையே என்றாள். சமையலறைக்குப் போய் ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு வந்து, யார் பார்த்துக்கொடுத்த வேலை என்றும் கேட்டேன். உன் பெயரைச் சொன்னாள். ஜனவரியிலேயே உன் வீட்டு மாடி அறைக்கு வெள்ளையடித்தாகிவிட்டதாமே. பக்கத்தில் சின்னதாக இன்னொரு அறையும் எனக்காகத் தயாராகிறதாம், அதில் ஜன்னல் உண்டா என்று தெரியவில்லை. இந்தக் கடிதத்தைக் கிழித்துப் போடத்தான் நினைத்தேன். தபால்தலை ஒட்டியாகிவிட்டதால் அனுப்புகிறேன்.