நாற்காலித் தூசி

ஊரெல்லாம் ஒரே பேச்சு. அரசு அலுவலகத்துக்கு எதிர்ச் சந்தில், சைக்கிள் கடை மாடியில், தூசிச் சாமியார் வந்து இறங்கியிருக்கிறார்! கை பார்க்கமாட்டார், ஜாதகம் கேட்கமாட்டார். உங்கள் மேலதிகாரியின் நாற்காலியிலிருந்து ஒரு சிட்டிகைத் தூசி கொண்டுபோனால் போதும். அதைக் கண்ணாடித் தட்டில் தூவி, ஊதி, உங்களைப் பற்றிய ரகசிய அறிக்கையில் அதிகாரி என்ன எழுதியிருக்கிறார் என்று வரி வரியாகப் படித்துவிடுவார். பதவி உயர்வு வருமா, குழி பறிப்பவர் யார், எல்லாம் தட்டில் தெரியும்.

விடுவார்களா? மதியச் சாப்பாட்டு நேரத்தில் அலுவலகமே அந்த மாடிப்படியில்தான் நின்றது. பட்டம் வாங்கியவர்கள், துறைத்தேர்வு தேறியவர்கள், ஆளுக்கொரு காகிதப் பொட்டலம். அதிகாரியின் நாற்காலி பளபளவென்று மின்னியது. துடைக்கச் சம்பளம் வாங்குபவர் ஒருநாளும் செய்யாத வேலையைப் பதவி ஆசை செய்து முடித்தது.

அந்த வருடம் கண்காணிப்பாளர் பதவி ஒன்று காலி. போட்டியில் இருவர். ஒருவர் கணக்குப் பிரிவு எழுத்தர், இன்னொருவர் தபால் பிரிவு எழுத்தர். தபால் எழுத்தரின் தங்கையைத்தான் கணக்கு எழுத்தர் கட்டியிருந்தார். அதுவரை ஒரே ஸ்கூட்டரில் வந்து, ஒரே மேசையில் சாப்பிட்டவர்கள். ஒருவருக்குத் தெரியாமல் ஒருவர் சாமியாரிடம் போனார்கள். இருவருக்கும் தட்டில் ஒரே செய்தி: "நெருங்கிய சொந்தக்காரன் ஒருத்தன் அதிகாரி காதுல உன்னைப் பத்திப் போட்டுக் கொடுத்துட்டான்."

தீர்ந்தது உறவு. மச்சான் கோப்பைத் தொலைத்தார் என்று கணக்கு ஒரு புகார் மனு எழுதினார். மாப்பிள்ளை வேலை நேரத்தில் தூங்குகிறார் என்று தபால் ஒன்று எழுதினார். இரண்டும் மேலே போனால் இருவர்மீதும் விசாரணை வரும். வேலையும் ஆட்டம் காணும், குடும்பமும் உடையும். நடுவில் மாட்டிக்கொண்டவள் தங்கை. பஸ் கண்டக்டர். டிக்கெட் எடுக்காதவனை முழியை வைத்தே பிடித்துவிடுவாள்.

"உங்கண்ணன் எனக்குக் குழி பறிச்சிருக்கான். தட்டுல தெளிவா வந்துச்சு. நாளைக்கு மனுவைக் கொடுக்கத்தான் போறேன்" என்று குதித்தார் கணவர்.

"தாராளமா கொடுங்க. அதுக்கு முன்னால அந்தத் தட்டை நானும் ஒரு தடவை பார்க்கிறேன். அண்ணனும் வரட்டும். தூசி நான் கொண்டு வர்றேன்."

சாமியாரின் வெளியறையில் ஓர் அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தினமும் அதே இடம், அதே அழுகை. எந்த அலுவலகம் என்று ஒருவரும் கேட்டதில்லை.

"எனக்கும் பிரமோஷன் போச்சு தங்கச்சி. உன் வீட்டுக்காரருக்கு ஆபீசுல என்னம்மா பிரச்சினை?"

கண்டக்டர் அவள் காதருகே குனிந்தாள். "அதை ஏன் கேக்கிறீங்கக்கா! அதிகாரி வளர்க்கிற நாயை இவர் கல்லால அடிச்சிட்டார். அதுக்குக் கால் போச்சு. அதிகாரிக்கு அந்த நாய்தான் உசிரு."

அம்மாளின் அழுகை சட்டென்று நின்றது. தண்ணீர் குடித்துவிட்டு வருவதாகச் சொல்லிப் பின்கதவு வழியே உள்ளே போனாள்.

முறை வந்தது. சாமியார் தூசியைத் தூவினார், ஊதினார், கண்ணை மூடினார். வாசல்வரை கூட்டம் எட்டிப் பார்த்தது.

"தெரியுது... நாலு கால்... ஒரு வால்... ஐயோ, வாயில்லா ஜீவனை அடிச்சிட்டியே! இரக்கமில்லாதவன், உயர்வுக்குத் தகுதியில்லைன்னு அதிகாரி சிவப்பு மையில எழுதிட்டாரே!"

கணவர் விழித்தார். "நாயா? எந்த நாய்?"

"நொண்டுது பார், தட்டுலயே நொண்டுது!"

"அதிகாரி எங்க நாய் வளர்க்கிறார்? நாயைக் கண்டாலே அவருக்கு நடுக்கமாச்சே!" என்றார் அண்ணன்.

"நாயே கிடையாது, சாமி" என்றாள் கண்டக்டர். "வெளிய அழுற அக்காகிட்ட நான் சொன்ன பொய் அது. அதிகாரி நாற்காலித் தூசியும் இல்ல இது. என் பஸ்ஸுல கடைசி சீட்டுக்கு அடியில கூட்டினது." பிறகு இருவர் பக்கம் திரும்பினாள். "சொந்தக்காரன்தான் போட்டின்னு நீங்களும் அந்த அக்காகிட்ட உளறினீங்கதானே?"

இரண்டு தலைகளும் தொங்கின. ஒருவரையொருவர் பார்க்கவே வெட்கமாக இருந்தது.

தட்டைக் கழுவிவிட்டு வருகிறேன் என்று எழுந்தார் சாமியார். பின்படியில் இறங்கியவர் திரும்பவில்லை. அழுத அம்மாள் அவருக்கு முன்பே பையோடு தெருமுனை தாண்டியிருந்தாள்.

கூட்டத்திலிருந்த தட்டச்சருக்கு அப்போதும் ஒரு கவலை. "அப்போ எங்க அறிக்கையில நிஜமா என்னதான் எழுதியிருக்கு?"

"எழுதுறவரையே கேளுங்களேன். கேட்டா காட்டணும்னு விதி இருக்குல்ல?" என்றாள் கண்டக்டர்.

இருந்தது. அந்த விதியைத் தட்டச்சு செய்து சுற்றுக்கு விட்டவரே அந்தத் தட்டச்சர்தான்.

"ஐயையோ, கேட்டா கோவிச்சுக்குவாரே!"

மறுநாள் மச்சானும் மாப்பிள்ளையும் மனுக்களைக் கிழித்துப்போட்டுவிட்டு, ஒன்றாகவே போய்க் கேட்டார்கள். அதிகாரி கோபிக்கவில்லை. "இந்த வருஷ அறிக்கையா? இன்னும் யாருக்குமே எழுதலையேப்பா" என்றார்.

எழுதாத அறிக்கையை வரி வரியாகப் படிக்கக் கேட்டுவந்த படித்த பெருமக்களே! எதிரே உட்கார்ந்திருக்கும் ஒரு மனிதனிடம் வாயைத் திறந்து ஒரு கேள்வி கேட்க, இன்னும் எத்தனை சாமியார்களைத் துணைக்கு அழைப்பீர்கள்?