சிவப்பு விளக்கும் வேனுக்கு மேலிருந்த மூட்டையும்

கிண்ணியா,
ஞாயிறு.

அன்புள்ள மருமகன் றுமைஸுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் உதவியால் நானும் உங்கள் மாமி லைலாவும் இங்கு உயிரோடு இருக்கிறோம். அங்கு நீங்களும் மகள் ரிப்காவும் அதைவிடக் கொஞ்சம் நல்லாயிருக்க துஆ செய்கிறோம்.

நீங்கள் போனைத் தூக்காததால் எழுதுகிறேன். என் வேனை வாங்கும்போது, "பேரைப் பிறகு மாத்துவம் மாமா, ஓப்பன் பேப்பர் போதும்" என்றீர்கள். நானும் வெறும் படிவத்தில் கையெழுத்து வைத்துத் தந்தேன். வேன் கொழும்பில் உங்களிடம், பேர் கிண்ணியாவில் என்னிடம். இப்ப என்ன நடந்தது? கொழும்புக் கமரா பிடித்த வேனுக்கு இங்கே பொலிஸில் என்னைக் கூப்பிட்டார்கள். இந்த வயதில் பொலிஸில் வாங்குப் பலகையில் குந்தியிருந்தேன் மகன். கண்டவனெல்லாம் "என்ன ஆதம்பாவா காக்கா, உள்ளுக்குப் போட்டிட்டாங்களா?" என்று கேட்கிறான். பதில் சொல்லிச் சொல்லி வாய் உளைஞ்சு போச்சு.

படத்தையும் தந்தார்கள். பின்பக்கத்தால் பிடித்தது. சிவப்பு லைட் எரியுது, நம்பர் பளிச்செண்டு தெரியுது, ஓட்டினவர்ர தலை மட்டும் தெரியல்ல. வேனுக்கு மேல பென்னாம்பெரிய மூட்டை! பாரம் ஏத்தாதீங்க எண்டு எத்தினை தரம் சொன்னனான்? நீங்க பெருநாளைக்கு இங்க வந்த இடத்தில் பழுதாகி நிண்ட அதே வேனைத் திருத்தி, ஒரு கீறல் விழாமல் கொழும்புக்கு நானே ஓட்டிக்கொண்டு வந்து தந்தனான். ஓட்டம் எண்டா அது.

ஓட்டினவரின் பேரை வெள்ளிக்கிழமைக்குள் கொடுக்கவேணுமாம். உங்கட பேரைத்தான் கொடுக்கப் போறன். கேஸ் வந்தா உங்கட கம்பெனி டிரைவர் வேலை போயிடும் எண்டு ரிப்கா போனில் அழுதவள். எனக்கும் நெஞ்சு வலிச்சதுதான். ஆனா செய்யாத குத்தத்தைச் சுமக்க எனக்கு ஏலாது மகன், களைச்சுப் போனன்.

அல்லாஹ் உங்களுக்கு நீண்ட ஆயுளையும் நல்ல பிரேக்கையும் தரட்டும்.

மாமா ஆதம்பாவா

பி.கு.: ஒட்டப்போன கடிதத்தை மாமி தடுத்தாள். கண்ணாடியைப் போட்டுப் படத்தைப் பார்த்துவிட்டு, "மூட்டையைச் சுத்தியிருக்கிறது என்ட மஞ்சள் புடவை. உள்ளுக்கு இருக்கிறது மகளுக்கு நான் கட்டித் தந்த தயிர்ச் சட்டியள். ஓட்டினது நீங்கதான்" என்றாள். ஓம், இப்ப ஞாபகம் வருது. விடியக்காலை, சந்தியில் ஒரு குருவி இல்லை. நம்மட ஊரில் மாடு குறுக்க வந்தா நிப்பம். ஆளில்லாத இடத்தில் ஒரு பல்புக்கு ஆர் நிப்பான்? பொலிஸில் என்ட பேரையே கொடுக்கிறன். ரிப்காவை அழ வேண்டாம் எண்டு சொல்லுங்க. திரும்ப எழுதக் கை ஏலாது, இப்படியே அனுப்புறன். ஆனா ஒண்டு மகன், அண்டைக்கு நான் பிரேக் அடிச்சிருந்தா நீங்க ஒருத்தரும் தயிர் திண்டிருக்க மாட்டீங்க.