கொலுசுச் சத்தத்தில் நின்ற கார்

என் வலது காலை நம்பி யாரும் எந்தப் பொறுப்பையும் ஒப்படைக்கக் கூடாது. தொண்ணூறுகளின் நடுவில், கோவையில் ஒரு டிரைவிங் ஸ்கூல் முதலாளி விவரம் தெரியாமல் ஒப்படைத்துவிட்டார்.

பெண்களுக்குக் கார் ஓட்டச் சொல்லித்தர ஒரு பெண்ணைத் தேடிக்கொண்டிருந்தார் அவர். என்னிடம் லைசென்ஸ் இருந்தது, தைரியம்தான் இல்லை. (அவர் கேட்டது லைசென்ஸை மட்டும்தான்.) "ஒரு வாரம் பாக்கலாமுங்க, செரியா வந்தா வேலை உங்களுக்கு" என்றார். "ஊரு சிரிக்கறதுக்கா உன்னையப் படிக்க வெச்சோம்?" என்றாள் அம்மா. ஊர் சிரிக்கும் அந்த ஏற்பாட்டை முதல் நாளே செய்து முடித்தேன்.

முதல் மாணவி ருக்மணி அக்கா. காரமடைப் பக்கம் தோட்டம். கணவருக்குக் கண் ஆபரேஷன் ஆகி, வீட்டுக் கார் ஓட்ட ஆளில்லாமல் நின்றதால் கற்றுக்கொள்ள வந்தவர். பயிற்சிக் காரில் சொல்லித்தருபவர் காலடியிலும் ஒரு பிரேக் இருக்கும். ஆபத்து வந்தால் மிதிக்க.

மேட்டுப்பாளையம் ரோட்டில் அக்கா காரை எடுத்தார். பத்தடி போனதும் இஞ்சின் உதறி நின்றது. மறுபடி எடுத்தார். மறுபடி நின்றது.

"ஏனுங்க டீச்சர், நான் ஏதாச்சும் தப்பா செஞ்சுபோட்டனுங்களா?"

"கிளட்ச்சை மெதுவா விடுங்கக்கா" என்றேன், பிறக்கும்போதே ஸ்டியரிங்கோடு பிறந்தவள் மாதிரி.

பின்னால் டவுன் பஸ் ஹாரனை அழுத்திப் பிடித்தது. டீக்கடையிலிருந்து நாலு பேர் ஓடிவந்து தள்ளினார்கள். கார் அசையவில்லை.

"உள்ளார என்னங்க, கல்லா ஏத்தியிருக்கீங்க?" என்றார் ஒருவர், மூச்சு வாங்கியபடி. நான் வெயிலைப் பார்த்தேன்.

வேறு வழியின்றிப் பக்கத்து எஸ்.டி.டி. பூத்திலிருந்து முதலாளியைக் கூப்பிட்டேன். ஸ்கூட்டரில் வந்தவர், எங்களை இறக்கிவிட்டுத் தனியாக ஒரு சுற்று ஓட்டிப் பார்த்தார். கார் வெண்ணெய் மாதிரி போய் வந்தது.

"வண்டியில ஒண்ணுமில்லியேங்க" என்று பின்சீட்டில் உட்கார்ந்துகொண்டு, "இப்ப எடுங்க" என்றார்.

அக்கா எடுத்தார். பத்தடி. நின்றது.

அக்கா ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுத்துவிட்டு யோசித்தார். "ஏனுங்க, வண்டி நிக்கறதுக்கு மின்னாடி ஒவ்வொரு தடவையும் ஒரு கொலுசுச் சத்தம் கேக்குதுங்க. நான் கொலுசே போடலீங்களே."

மூவரும் குனிந்து, கொலுசு போட்ட என் வலது காலைப் பார்த்தோம். அது பிரேக்கின் மேல், யாரோ ஆணி அடித்து வைத்த மாதிரி நின்றிருந்தது. சத்தியமாக, அது அங்கே போனது எனக்கே அப்போதுதான் தெரியும்.

முதலாளி தலையில் கை வைத்துக்கொண்டார். வேலை போயிற்று என்று கைப்பையை எடுத்துக்கொண்டேன். கண்ணில் நீர் முட்டியது.

"எங்க கெளம்பறீங்க, அம்மணி?" என்றார் அக்கா. "எனக்கும் பயம், உங்களுக்கும் பயம். அப்பறமென்ன? இன்னொரு ரவுண்டு போலாம், வாங்க. காலைத் தூக்கி மேல வெச்சுக்குங்க."

முதலாளி பின்சீட்டில் கந்தசஷ்டிக் கவசத்தை முணுமுணுக்க, நான் சீட்டில் சம்மணம் போட்டு உட்கார்ந்தேன். கோவை மாநகரில் அப்படிப் பாடம் நடத்திய ஒரே டிரைவிங் டீச்சர் நானாகத்தான் இருப்பேன். கார் எங்கேயும் நிற்காமல் துடியலூர் வரை போனது!

மறுநாள் ஒரு காலைக் கீழே இறக்கினேன். அதற்கடுத்த நாள் இரண்டையும். வாரக் கடைசியில் ஒரு ஆட்டுக்குட்டி குறுக்கே பாய, அக்கா தானே பிரேக் போட்டார். நான் குனிந்து பார்த்தேன். என் கால் இருந்த இடத்திலேயே இருந்தது.

"இந்தத் தடவை சத்தம் வரலீங்க" என்று சிரித்தார் அக்கா. அன்றைக்கும் பின்சீட்டில் இருந்த முதலாளி, "திங்கக்கெழமை நேரமே வந்துருங்க" என்றார்.

பல வருடம் அங்கேதான் வேலை பார்த்தேன். அக்கா தன் சொந்தக்காரப் பெண்களையெல்லாம் என்னிடமே அனுப்பினார். "பிரேக் ரொம்ப நல்லாப் புடிக்கற டீச்சராமா, நீங்கதானுங்களா?" என்று கேட்டுக்கொண்டே வருவார்கள்.

என் கால் சாலையில் திருந்திவிட்டது, குடும்பத்தில் திருந்தவில்லை. இன்றைக்கும் கணவர் கார் ஓட்ட, முன்னால் ஒரு லாரி தெரிந்தால் போதும், இல்லாத பிரேக்கை என் கால் மிதித்துவிடும். பின்சீட்டிலிருந்து என் மகள் சொல்வாள்: "அப்பா, அம்மா நிறுத்திட்டாங்க. நீங்களும் நிறுத்துங்க."