இரு மடங்கு வேகத்தில் சித்தார்த்தர்

டெக்சாஸிலேயே ஊமைப்படத்துக்காகக் கத்திக் கத்தித் தொண்டை கட்டிக்கொண்ட ஒரே மனிதர், எங்கள் ரிச்சர்ட்சன் ஊர் ஊமைப்பட அங்கிள்தான். சொந்தப் பெயர் அவர் மனைவிக்காவது ஞாபகம் இருந்ததா, தெரியாது.

புத்தர் கதையைச் சொல்லும் அரைமணி நேர ஊமைப்படம் ஒன்றை எங்கிருந்தோ பிடித்து வைத்திருந்தார். நூறு வருஷத்துப் பழசு. அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றி எடுத்தார்கள். இன்றைய வேகத்தில் ஓட்டினால் எல்லோரும் குடுகுடுவென்று ஓடுவார்கள். கோயிலில் ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவந்து சாப்பிடும் பாட்லக்கில் யாரோ போனில் அதைப் பார்த்துச் சிரிக்க, போனையே பிடுங்கிவிட்டார். "சித்தார்த்தர் அரண்மனைய விட்டுப் போறாரா, ஃபிளைட்டப் புடிக்கப் போறாரா? துறவுய்யா அது!"

ரிடயர் ஆனவர். ஒரு வருஷம் கராஜில் உட்கார்ந்து காட்சி காட்சியாக வேகத்தைச் சரிசெய்தார். முதலில் எங்கள் சிலருக்கு அங்கேயே போட்டுக் காட்டினார். நான் சிப்ஸ் கடித்தேன். "ஏம்மா, ஊமைப்படத்துக்கு நீ சவுண்ட் குடுக்கறியா?" கடித்ததை வாயிலேயே ஊறவைத்து விழுங்கினேன்.

அவருக்கு ஒரே ஆசை. எங்கள் தமிழ்ச் சங்க விழாவில் எல்லோரும் அதைச் சிரிக்காமல் பார்க்க வேண்டும். செயலாளர் என்ற அந்த மகானுபாவர் அரைமணி ஒதுக்கினார். டான்ஸ் இழுத்துக்கொண்டே போனதும், படத்தை ஓட்ட லேப்டாப் அருகே இருந்த என்னிடம் வந்தார்.

"பிரியாணி ஆறுதுங்க. டபுள் ஸ்பீட் பண்ணிடுங்க. ஊமைப்படம்தானே, யாருக்குத் தெரியப்போவுது?"

நினைத்தால் இன்னும் பற்றிக்கொண்டு வருகிறது. பாதிக் கோபம் அவர் மேல். மீதி, பட்டனைத் தட்டிய என் மேல்.

சித்தார்த்தர், தூங்கும் மனைவியையும் குழந்தையையும் கடைசியாகப் பார்க்கும் இடம் வந்தது. கார் வைப்பர் மாதிரி தலை இப்படியும் அப்படியும் வெட்டியது. ஹாலே விழுந்து விழுந்து சிரித்தது, வெட்கம்கெட்ட கூட்டம்.

அங்கிள் திரைக்கு முன்னால் போய் நின்றார். "நிறுத்துங்கய்யா! ஒருத்தன் பொண்டாட்டி புள்ளைய விட்டுட்டுப் போறான், சிரிப்பு வருதா உங்களுக்கு? எப்படிப் பார்த்தாருன்னு நான் காட்டறேன்!"

முன்வரிசையில், ஸ்ட்ரோலர் வண்டியில் தூங்கிக்கொண்டிருந்த செயலாளரின் பேரன் பக்கம் குனிந்தார். பார்த்தார். இரண்டடி நடந்தார். நின்றார். திரும்பி, மறுபடி பார்த்தார். ஹாலில் ஒரு சிப்ஸ் சத்தம்கூட இல்லை. செயலாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அங்கிள் நேராக என்னிடம் வந்தார்.

"நீயா பண்ணினே?"

"ஆமா அங்கிள்."

"உன்ன அந்தச் சிப்ஸுக்கே வெளிய அனுப்பியிருக்கணும்."

மூன்று மாதம் என்னோடு பேசவில்லை. பேசாமல் இருக்க வேண்டியதுதான்.

இப்போதெல்லாம் மகளை டேகேரில் விட்டுவிட்டு ஆபீசுக்கு ஓடும்போது, வாசலில் நின்று ஒருமுறை திரும்பிப் பார்க்கிறேன். அங்கிள் சரிசெய்த வேகத்தில்.