முதல் மழைக்கு ஆதாரம் கேட்டவர்

குழந்தைக்கு என்ன பெயர் என்று கேட்பவர்கள் உலகத்தில் கோடிப் பேர். பெயரைக் கேட்டுவிட்டு, "அது எந்த மொழிச் சொல்?" என்று புருவத்தைத் தூக்குபவர்கள் தனி இனம். நம்மவர் அதில் முற்றிய கேஸ். பதிப்பகத்தில் பிழை திருத்தும் வேலை. அலுவலகத்தில் 'அகராதி' என்று கூப்பிடுவார்கள். அதைப் பாராட்டு என்றே வெகுகாலம் நம்பிக்கொண்டிருந்தார் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

சக ஊழியர் ஒருவர் 'வீரன்' என்று பொருள் சொல்லி மகனுக்குப் பெயர் வைத்தால், இவர் அகராதிகளைப் புரட்டி, மூலச்சொல்லைத் தோண்டி, குழந்தைப் பெயர்கள் போடும் ஒரு வலைத்தளத்தை இன்னொன்று எழுத்துப்பிழையோடு காப்பியடித்ததையும் கையும் களவுமாகப் பிடித்து, "வீரன் இல்ல சார், வீக்கம்" என்று கைகுலுக்கிவிட்டு வருவார். யார் கேட்டார்கள்? ஒருவரும் கேட்கவில்லை.

இவருடைய தங்கைக்குப் பெண் குழந்தை பிறந்தது. அப்படியொரு வலைத்தளத்தில் பெயரைத் தேடிப் பிடித்தவர் தங்கையின் கணவர். லிஃப்ட் பழுதுபார்ப்பவர், அதிகம் பேசாதவர். 'முதல் மழை' என்று பொருளாம். அகராதி சும்மா இருப்பாரா? சோறு தண்ணி மறந்து தேடினார். தங்கை வீட்டுக்குப் போய், தொட்டில் பக்கத்திலேயே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"முதல் மழைன்னு எந்த மொழியிலயும் இல்லம்மா. கிட்டத்தட்ட அதே மாதிரி ஒரு சொல் இருக்கு. அதுக்குக் கதவுத் தாழ்ப்பாள்னு அர்த்தம்."

குழந்தைத் துணிகளை மடித்துக்கொண்டிருந்த மாப்பிள்ளை, அவற்றை அப்படியே வைத்துவிட்டுச் சமையலறைக்குப் போனார். குழாய் திறக்கும் சத்தம் கேட்டது. பாத்திரமெல்லாம் ஏற்கெனவே கழுவியாகியிருந்தது.

"அண்ணா," என்றாள் தங்கை, குரலை உயர்த்தாமல். "இவ பொறந்தப்ப வெளியில மழை. அவரு ஆஸ்பத்திரி வாசல்ல நனைஞ்சுக்கிட்டே நின்னாரு. அந்த அர்த்தத்தைப் பாத்ததும் அழுதுட்டாரு. சரி, உன் பேருக்கு என்ன அர்த்தம்?"

"பெருந்தன்மை உள்ளவன்."

"யாரு சொன்னது?"

"அம்மா."

"தேடிப் பாத்தியா?"

ஊரார் பெற்ற பிள்ளைகளின் பெயரையெல்லாம் நோண்டிய மனிதருக்கு அப்போதுதான் உறைத்தது. தன் பெயரை மட்டும் அவர் ஒருநாளும் தேடியதில்லை. காரணமும் தெரிந்தது. பயம். வேறென்ன?

எழுந்து சமையலறைக்குப் போனார். வாசற்படியில் நின்று தொண்டையைச் செருமினார்.

"மாப்பிள்ளை, அந்தப் பேரே இருக்கட்டும். நல்லாருக்கு."

மாப்பிள்ளை குழாயை மூடினார். "தாழ்ப்பாள்னாலும் பரவால்ல மச்சான். வீட்டுக்கு அதுவும் வேணும்ல."

அந்தப் பெயரே நிலைத்தது. இப்போது யாராவது பொருள் கேட்டால், தாய்மாமன்தான் முந்திக்கொண்டு "முதல் மழை" என்கிறார். போன வாரம் ஒருவர், எந்த மொழி என்று கேட்டுவிட்டார். "ரொம்பப் பழைய மொழி," என்று சொல்லிவிட்டு, காது சூடேற ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அந்த வலைத்தளங்களெல்லாம் எப்படிப் பிறந்தன என்று அவருக்கு அந்த நிமிஷம் விளங்கிவிட்டது.

அது சரி, அந்தக் குழந்தையின் பெயரை நான் சொல்லவேயில்லை. சொல்லப்போவதும் இல்லை. 'சொன்னால் ஒரு தடவை சரிபார்த்துவிடலாமே' என்று உங்களுக்குக் கை துறுதுறுத்தால், கொஞ்சம் நகர்ந்து உட்காருங்கள். நானும் அந்த வரிசைதான்.