கட்டைவிரல்

பென் டிரைவைச் சொருக அந்தக் கருவியில் இடமே இல்லை.

பாலசுப்பிரமணியன் அதை நான்கு பக்கமும் திருப்பிப் பார்த்தான். இரண்டு கையில் பிடித்து ஆடும் கேம் கருவி. இரண்டு ஓரத்திலும் பொத்தான்கள், நடுவில் திரை. கீழே சார்ஜருக்கு ஒரு துளை. பக்கவாட்டில் நகம் அளவு ஒரு மூடி. பென் டிரைவ் கட்டைவிரல் தடிமன் இருந்தது.

காலை ஆறு மணிக்கு மச்சான் யோகேஷ் இதைக் கையில் கொடுத்தபோது இப்படி எதுவும் தெரியவில்லை.

"மலையில செல்போனையே வாங்கி வெச்சுக்கிறாங்க. இத எதுக்கு எடுத்துக்கினு போவணும்? இங்கியே இருக்கட்டும் மாமா," என்றான் யோகேஷ். "இது மோட் பண்ணது, உள்ள சாஃப்ட்வேர மாத்துனது. பேக்கப் எடுத்த கேமும் ஓடும். என் பழைய கேம் அத்தனையும் இந்தப் பென் டிரைவ்ல கீது. நாங்க எறங்கி வர்றதுக்குள்ள கார்டுல ஏத்தி வெச்சிடுங்க. உங்களுக்கு அஞ்சு நிமிஷ வேலை."

"அஞ்சு நிமிஷம்கூட ஆகாது."

"அப்டேட் கேட்டா மட்டும் குடுத்துடாதீங்க. மோட் போயிடும். அப்புறம், பத்திரம் மாமா. நாலு வருஷமா இதுலதான் ஆடிக்கினு கீறேன்."

ஆடுவது கிரிக்கெட். யோகேஷ் தன் அணியில் இருந்த ஆட்டக்காரர்கள் எல்லோருக்கும் சொந்த ஊரான பாலசமுத்திரத்து ஆட்களின் பெயரை வைத்திருந்தான். "நைனாதான் ஓப்பனர். பதினோராயிரம் ரன்," என்றான்.

பதினோராயிரம் ரன் எடுத்த மாமனார் வீராசாமி தோளில் துண்டோடு வாசலில் நின்றிருந்தார். அவர் மாந்தோப்பு வைத்திருப்பவர். அதிகம் பேசமாட்டார். ஐந்து வருடத்தில் மருமகனிடம் மொத்தம் பத்து வாக்கியம் பேசியிருப்பார். அதில் ஏழு, "சாப்ட்டீங்களா மாப்ள?"

"ஏங்க, முடியலன்னா வுட்டுடுங்க. நான் வந்து பாத்துக்கிறேன்," என்றாள் அவன் மனைவி கன்னிகா.

"முடியலன்னாவா?" என்று சிரித்தான் அவன். ஷிஃப்ட் முடிந்து அப்போதுதான் வந்திருந்தான். அதனால் திருமலை தரிசனத்துக்குப் போகவில்லை. அவர்கள் மூவரும் போனார்கள்.

கன்னிகா திருப்பதியில் ஒரு நெட் சென்டரில் வேலை பார்க்கிறாள். நாள் முழுக்கக் கம்ப்யூட்டரில்தான் இருப்பாள். ஆனால் வீட்டில் கம்ப்யூட்டர் ஆள் என்று பெயர் வாங்கியவன் பாலசுப்பிரமணியன்.

அது திருப்பதியில் ஒரு கோயிலில் பெண் பார்த்த அன்று நடந்தது. ஸ்ரீசிட்டி ஃபேக்டரியில் என்ன வேலை என்று யாரோ கேட்டார்கள். "சிஸ்டத்துல," என்றான். பொய் இல்லை. அங்கே ஒரு சிஸ்டம் இருக்கிறது. பக்கத்தில் ஒரு பிரிண்டர். பிரிண்டரிலிருந்து ஸ்டிக்கர் வரும். அதை அவன் பெட்டியில் ஒட்டுவான். ஒவ்வொரு ஸ்டிக்கருக்கும் முன்னால் சிஸ்டம் 'ஓகேவா' என்று கேட்கும். கட்டைவிரலால் அழுத்துவான். ஒரு ஷிஃப்டுக்கு இரண்டாயிரம் ஓகே.

இந்தச் செய்தி சித்தூர் தாண்டி பாலசமுத்திரம் போய்ச் சேர்வதற்குள் மாப்பிள்ளை கம்ப்யூட்டர் இன்ஜினியர் ஆகியிருந்தார். அவன் திருத்தவில்லை. அன்றிலிருந்து கன்னிகா வீட்டு ஆட்களின் போன் நின்றால் அவனிடம்தான் வரும். அவன் அதைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் கங்கையாவின் போன் ரிப்பேர் கடைக்குப் போவான். மறுநாள், "சின்னப் பிரச்சினைதான்," என்று திருப்பிக் கொடுப்பான். இதுவரை ஒன்பது போன், ஒரு டிவி ரிமோட். யாருக்கும் தெரியாது. தெரியக்கூடாது.

பக்கவாட்டு மூடியை நகத்தால் நெம்பினான். உள்ளே சின்ன மெமரி கார்டு இருந்தது. தெம்பு வந்தது. கன்னிகாவின் லேப்டாப்பில் அந்தக் கார்டைப் போட்டான்.

லேப்டாப் ஒரு கட்டம் காட்டியது. இந்தக் கார்டை ஃபார்மட் செய்தால்தான் திறக்க முடியும், செய்யலாமா என்று கேட்டது. கீழே ஓகே.

கட்டைவிரல் அழுத்திவிட்டது.

அழுத்திய பிறகுதான் படித்தான். ஃபார்மட் என்றால் என்ன என்பது அவனுக்கும் தெரியும். மூன்றாவது போனில் கங்கையா சொல்லியிருந்தான். ஃபார்மட் என்றால் எல்லாம் போய்விடும்.

கார்டைத் திறந்து பார்த்தான். ஒன்றுமில்லை. கருவியில் திரும்பப் போட்டுப் பார்த்தான். கேம் எதுவும் இல்லை என்றது. ஓப்பனர் இல்லை. பதினோராயிரம் ரன் இல்லை. பாலசமுத்திரமே இல்லை.

யோகேஷைக் கூப்பிட்டான். ஸ்விட்ச் ஆஃப். கன்னிகாவைக் கூப்பிட்டான். ஸ்விட்ச் ஆஃப். இரண்டு போனும் மலையில் ஏதோ கவுண்டரில் ஒரே பையில் கிடக்கும்.

பென் டிரைவில் இருப்பதையாவது ஏற்றி வைப்போம் என்று கார்டை மறுபடி லேப்டாப்பில் போட்டான். பென் டிரைவையும் சொருகிக் கேம்களைக் காப்பி செய்யவிட்டான். பச்சைக் கோடு மெல்ல நகர்ந்தது. பாதி வந்ததும் கம்பெனி நண்பன் தேவேந்திரனிடம் கேட்டுவிடலாம் என்று தோன்றியது.

"அழிஞ்சு போன கார்டுலயாடா ஏத்துற?" என்று கத்தினான் தேவேந்திரன். "பழசு மேல புதுசு ஏறுனா பழசு வரவே வராது. உருவுடா!"

பாலசுப்பிரமணியன் பென் டிரைவை உருவினான். பிறகு கார்டை உருவினான். அப்புறம்தான் தேவேந்திரன் பெட்டிக்கு டேப் ஒட்டுகிறவன் என்பது நினைவுக்கு வந்தது.

பென் டிரைவைத் திரும்பச் சொருகினான். இதிலும் ஏதோ கோளாறு, சரிசெய்யலாமா என்று லேப்டாப் கேட்டது. ஓகே. வலது கட்டைவிரல் கிளம்பியது. இடது கையால் அதைப் பிடித்துக்கொண்டான்.

எல்லாவற்றையும் பையில் போட்டுக்கொண்டு ஓடினான்.

"ஏமண்ணா, பத்தாவது போனா?" என்றான் கங்கையா, தன் தெலுங்கு கலந்த தமிழில்.

"போன் இல்ல."

கங்கையா கார்டை வாங்கித் தன் கம்ப்யூட்டரில் போட்டு, அழிந்ததைத் தேடும் எதையோ ஓடவிட்டான். பத்து நிமிடம் ஆனது. ஆதார் பிரிண்ட் எடுக்க வந்த ஒரு பெண் பின்னால் காத்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணா, நீங்க இன்னிக்கு ஏத்துன ரெண்டு கேமு கீது. அதுக்கு முன்ன ஏமி லேது."

"இருந்துச்சு கங்கையா."

"இருந்தா தடம் தெரியும் அண்ணா. தடம்கூட லேது. இன்னிக்குத்தான் கடையில வாங்கினாப்புல கீது."

நாலு வருட ஆட்டத்தைப் பாலசுப்பிரமணியன் தடம்கூட இல்லாமல் துடைத்திருக்கிறான். வேலை சுத்தம்.

"பயப்படாதீங்க. சில கேமுல டீமு நெட்லயே இருக்கும். கனெக்ட் பண்ணிப் பாப்போம்," என்று கார்டைக் கருவியில் போட்டுக் கடை வைஃபையில் இணைத்தான் கங்கையா. "இந்தாங்க, புடிங்க."

பாலசுப்பிரமணியன் பிடித்தான். திரையில் ஒரு கட்டம் வந்தது. புது அப்டேட் வந்திருக்கிறது. ஓகேவா?

"அண்ணா!"

"நான் இல்ல."

"உங்க கைதான் அண்ணா!"

இருவரும் கட்டைவிரலைப் பார்த்தார்கள். அது இன்னும் பொத்தான் மேலேயே இருந்தது.

நாலு சதவீதம். ஏழு சதவீதம். கங்கையா மேஜைக்கு அடியில் பாய்ந்து கையில் அகப்பட்ட பிளக்கைப் பிடுங்கினான். வைஃபை நின்றது. ஃபேன் நின்றது. பிரிண்டர் ஆதாரைப் பாதி விழுங்கிய நிலையில் நின்றது.

"நா ஆதாரு!" என்று கத்தினாள் அந்தப் பெண்.

கருவியின் திரை கறுத்துவிட்டது. எந்தப் பொத்தானுக்கும் அசையவில்லை.

"இது இப்ப இன்னா ஆச்சு?" என்றான் பாலசுப்பிரமணியன்.

"தெரில அண்ணா. போன்னா செப்புவேன்."

கடை வாசலில் இருந்து பார்த்தால் மலை தெரியும். பாலசுப்பிரமணியன் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு மலையைப் பார்த்துக் கும்பிட்டான். திருப்பதிக்கு வந்ததிலிருந்து கூட்டம் குறையட்டும் என்றுதான் வேண்டியிருக்கிறான். இன்று வேறு மாதிரி வேண்டினான். 'தரிசனத்துக்கு ஜனங்கள உக்கார வெக்கிற எல்லா கம்பார்ட்மென்டும் ரொம்பி வழியட்டும் சாமி. க்யூ வெளிய ரோடு வரைக்கும் நிக்கட்டும். நாளைக்குக் காலையில எறங்குனா போதும்.'

போன் அடித்தது. கன்னிகா.

"ஏங்க! தரிசனம் ஆயிடுச்சு!"

"அதுக்குள்ளயா?"

"ஒன்ற மணி நேரம்தாங்க! கூட்டமே இல்ல. யாரும் தள்ளவே இல்ல. நைனா அழுதுட்டாரு. பஸ்ல எறங்கிக்கினு கீறோம்."

பின்னால் யோகேஷின் குரல் கேட்டது. "கேம் ஏறிடுச்சான்னு கேளு."

"ஏறிக்கினு கீது," என்றான் பாலசுப்பிரமணியன்.

வீட்டுக்கு வந்து லேப்டாப்பின் முன்னால் உட்கார்ந்தான். சொல்ல வேண்டியதைத் தயார் செய்தான். மின்சாரம் ஏறி இறங்கியது என்று சொல்லலாம். லேப்டாப்பில் வைரஸ் என்று சொல்லலாம். ஆனால் லேப்டாப் கன்னிகாவுடையது. உண்மையைச் சொல்லலாம். 'மாமா, நான் ஸ்டிக்கர் ஒட்டறவன்.' ஒருமுறை மெல்லச் சொல்லிப் பார்த்தான். வாய் கசந்தது. ஊர் முழுக்க மருமகன் கம்ப்யூட்டர் என்று சொல்லக் கேட்டுக்கொண்டு நடந்த மனிதர் வீராசாமி.

படியில் செருப்புச் சத்தம்.

முதலில் லட்டுப் பை வந்தது. பின்னால் கன்னிகா. அப்புறம் மொட்டைத் தலையில் சந்தனம் பூசிய வீராசாமி. கடைசியாக யோகேஷ் கையை நீட்டிக்கொண்டு வந்தான்.

"குடுங்க மாமா."

"யோகேஷ், அது வந்து... சிஸ்டம் லெவல்ல ஒரு சின்ன..."

யோகேஷ் கருவியை வாங்கினான். கறுத்த திரையைப் பார்த்தான். இரண்டு பொத்தானைச் சேர்த்துப் பத்து எண்ணும்வரை அழுத்திப் பிடித்தான். திரை பளிச்சென்று வந்தது.

"அடிக்கடி இப்பிடித் தூங்கிடும். அப்டேட் குடுக்கலியே?"

"சே. குடுப்பனா?"

யோகேஷ் மூடியைத் திறந்து கார்டை உருவிக் கன்னிகாவிடம் கொடுத்தான். தன் பர்ஸைப் பிரித்தான். ஐடி கார்டுக்குப் பின்னால் இருந்து இன்னொரு சின்னக் கார்டை எடுத்துச் சொருகினான். மைதானம் வந்தது. வீராசாமி மட்டையோடு இறங்கினார்.

"இது?" என்றான் பாலசுப்பிரமணியன்.

"இதுதான் மாமா என் கார்டு. உங்ககிட்ட குடுத்தது புதுசு. காலி."

பாலசுப்பிரமணியன் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டான். காலிக் கார்டுக்காக மலையப்பனிடம் ஊருக்கே கெடுதல் வேண்டியிருக்கிறான்.

இதற்குள் கன்னிகா புடவை மாற்றாமல் லேப்டாப் முன்னால் உட்கார்ந்து பென் டிரைவைச் சொருகியிருந்தாள். ஏதோ இரண்டு தட்டுத் தட்டினாள். பச்சைக் கோடு நகர்ந்தது.

"இவரே ரெண்டு கேம் ஏத்திட்டாரு. மிச்சம்தான்," என்றாள்.

அவனுக்கு மூச்சு வந்தது. மூச்சோடு பேச்சும் வந்தது.

"புதுக் கார்டுன்னா மொதல்ல ஃபார்மட் பண்ணணும். பண்ணாம ஏத்துனா நிக்காது. பண்ணி வெச்சேன்," என்றான். "சிஸ்டத்துல இருக்கறவனுக்கு இதெல்லாம் கைப்பழக்கம்."

"ஆமா மாமா," என்றான் யோகேஷ். திரையிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

"டீம்ல நான் கீறனா?"

"இல்லாமயா? பன்னெண்டாவது ஆளு."

"பன்னெண்டாவதா?"

"தண்ணி எடுத்துக்கினு வருவீங்க."

கன்னிகா லட்டை உதிர்த்து ஆளுக்குக் கொஞ்சம் கொடுத்தாள். பாலசுப்பிரமணியன் இரண்டாவது தடவையும் கேட்டு வாங்கினான். ஐந்து வருடத்தில் இவ்வளவு நிம்மதியாக அவன் எதையும் தின்றதில்லை.

நாலு மணி சித்தூர் பஸ்ஸைப் பிடிக்க யோகேஷ் முன்னால் இறங்கிப் போனான். வீராசாமி வாசலில் செருப்பை மாட்டினார். மொட்டைத் தலையைத் துண்டால் ஒற்றினார். திரும்பினார்.

"சாப்ட்டீங்களா மாமா?" என்று இந்த முறை பாலசுப்பிரமணியன் முந்திக்கொண்டான்.

"ஆச்சு மாப்ள," என்றார் அவர். "வர்ற வாரம் மாங்கா பெட்டிக்கு ஸ்டிக்கர் ஒட்டணும், ரெண்டு நாள் லீவு போட்டுக்கினு வாங்க. நம்ம ஆளுங்க ஒட்டுனா கோணலா போவுது. கல்யாணம் பேசறதுக்கு முன்ன, லோடு எறக்குற ஆளோட ஆளா உங்க கம்பெனிக்குள்ள வந்து ஒரு மணி நேரம் நின்னு பாத்தேன். அந்தக் கட்டைவெரல் ஒட்டுனதுல ஒண்ணுகூட கோணல் இல்ல. அதப் பாத்துட்டுத்தான் பொண்ணு குடுத்தேன்."