திரைச்சீலைக்குப் பின்னால் ஒரு மச்சான்

வாயைத் திறந்தால் அமில்காரேக்கு வேலை போய்விடும். திறக்காவிட்டாலும் போய்விடும்.

ஊமைப்படக் காலம் முழுக்கப் பட்லர் வேடத்திலேயே பெயர் வாங்கியவர் அவர். வாட்டசாட்டமான உடம்பு, அடர்ந்த மீசை. தட்டோடு வந்து நின்றாலே அது பிரபு வீடு என்று ஜனங்களுக்குப் புரிந்துவிடும். இப்போது ரோமில் படங்கள் பேச ஆரம்பித்துவிட்டன. அமில்காரேயின் குரலோ கோழிக்குஞ்சுக் குரல். அவரைப்போலவே குரல் சரியில்லாத சக நடிகர் ஒருவர் இப்போது கொட்டகை வாசலில் டிக்கெட் கிழிக்கிறார்.

புதுப் படத்தில் அவருக்கு ஒரே வசனம். "பிரபுவே, வண்டி தயார்."

சமையலறையில் நின்று சொல்லிக் காட்டினார்.

"ஏங்க, ஜன்னலைச் சாத்துங்க," என்றாள் மனைவி எர்சிலியா. "பக்கத்து வீட்டுப் பூனை வந்துடப்போகுது."

தொண்டை கனக்கட்டும் என்று பச்சை முட்டையைச் சாராயத்தில் அடித்துக் குடித்தார். கீச்சுக்குரல் அப்படியே இருந்தது. கூடவே விக்கலும் வந்தது.

"பேசாம எங்க அண்ணனைக் கூட்டிட்டுப் போங்களேன்."

அண்ணன் கஸ்பாரே, ரோமின் டெஸ்டாச்சோ பேட்டைச் சந்தையில் மாட்டுக்குடல் விற்பவர். அவர் கூவினால் ஆற்றுக்கு அக்கரையில் இருப்பவர்கள் பாத்திரத்தோடு கிளம்பி வருவார்கள்.

"நான் வாயை மட்டும் அசைப்பேன் மச்சான். நீங்க திரைச்சீலைக்குப் பின்னாடி நின்னு பேசணும்."

"படத்துல என் பேரு வருமா மாப்பிள்ளை?"

"வராது."

"மத்தியானச் சாப்பாடாவது வருமா?"

மைக்கைப் பூஜாடிக்குள் ஒளித்து வைத்திருந்தார்கள். ஜாடி திரைச்சீலையை ஒட்டியே இருந்தது நல்லதாய்ப் போயிற்று. அமில்காரே வாயசைத்தார். "பிரபுவே, வண்டி தயார்" என்று அறையே அதிர்ந்தது.

டைரக்டர் ஸ்கார்பெல்லி நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டார். "இந்த இடிக்குரலை இத்தனை நாள் எங்கய்யா ஒளிச்சு வச்சிருந்தீங்க?"

திரைச்சீலைப் பக்கம் பார்க்காமல் இருக்க அமில்காரே பெரும்பாடு பட்டார். பதிலும் சொல்ல முடியாது. தொண்டையைத் தொட்டுக் காட்டிக் கும்பிட்டார்.

"குரலைப் பத்திரப்படுத்துறாரு! கலைஞன்னா இவரு கலைஞன்!"

விளைவு, தோட்டக் காட்சியிலும் வசனம் கொடுத்தார்கள். கஸ்பாரே புதருக்குள் பதுங்கினார். நடுவில் குளவி கொட்டிவிட்டது. அமில்காரேயின் வாய் மூடியிருக்க, "ஐயோ, எங்கம்மா!" என்று எங்கிருந்தோ இடி இடித்தது. அமில்காரே சட்டென்று நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டார்.

"அந்த வேதனை! உதடே அசையாம எப்படிக் கத்தினீங்க?" ஸ்கார்பெல்லி கண்ணைத் துடைத்துக்கொண்டார். "கதையை மாத்துறேன். நீங்க பட்லரே இல்ல. ரெமிஜியோவைப் பெத்த அப்பா!"

ரெமிஜியோதான் கதாநாயகன். அவருடைய தேன்குரலுக்காகவே பெண்கள் ஒரே படத்தைத் திரும்பத் திரும்பப் பார்ப்பார்கள். 'குரல் இல்லாதவன் நடிகனே இல்லை' என்று பத்திரிகையில் வேறு சொல்லியிருந்தார். அப்பாவாக அமில்காரே அவரை நேருக்கு நேர் நின்று பக்கம் பக்கமாகச் சபிக்க வேண்டும்.

அதற்குள் கஸ்பாரேயும் கலைஞர் ஆகிவிட்டார். கழுத்தில் பட்டுத்துணி சுற்றிக்கொண்டார். சந்தையில் கூவினால் குரல் கெடும் என்று கடைக்கே போகவில்லை.

"உங்களால எங்கண்ணன் பொழப்பும் போச்சு!" என்று எர்சிலியா கரண்டியை வீசினாள். "குடல் அங்க நாறிக்கிட்டிருக்கு!"

சபிக்கும் காட்சியன்று நூலக அறை செட்டில் திரைச்சீலையும் இல்லை, புதரும் இல்லை. புத்தகச் சுவரும் மூலையில் பெரிய அலமாரியும்தான் இருந்தன. ரெமிஜியோவுக்குத் தெரிந்தால் ஊருக்கே தெரிந்துவிடும். உண்மையை டைரக்டரிடம் சொல்லிவிட்டு நாமும் டிக்கெட் கிழிக்கப் போய்விடலாமா என்றுகூட அமில்காரேக்குத் தோன்றியது.

"பயப்படாதீங்க மாப்பிள்ளை. அலமாரிக்குள்ள நான் அடங்கிடுவேன்." கஸ்பாரே தொந்தியை எக்கிக்கொண்டு கதவில் கை வைத்தார்.

பின்னால் உடை தைக்கும் பெண் நின்றிருந்தாள். அமில்காரேக்கு உயிரே போய்விட்டது.

அவள் வாயிலிருந்த ஊசியை எடுத்துவிட்டுச் சொன்னாள்: "அதுல இடமில்லய்யா. ரெமிஜியோவுக்குப் பேசறவரு காலையிலேயே ஏறி உக்காந்துட்டாரு."